ஐகோர்ட்டின் செங்கல்

(சென்னை தினத்தை ஒட்டி, ஜார்ஜ் டவுனில் உள்ள ஒரு நூலக அரங்கில் ஓய்வுபெற்ற கட்டடப் பொறியாளர் ஒருவர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



நம் ஐகோர்ட் வளாகத்தில் ஒரு பழைய வழக்கம் உண்டு. ஆண்டுக்கு ஒரு நாள் அத்தனை வாசல்களையும் பூட்டிவிடுவார்கள். சனிக்கிழமை இரவு 8 மணிக்குப் பூட்டினால் ஞாயிறு இரவு 8 மணிக்குத்தான் திறப்பார்கள். அந்த 24 மணி நேரமும் உள்ளே யாருக்கும் வழியில்லை. வக்கீலானாலும் சரி, குமாஸ்தாவானாலும் சரி. வெளியூரிலிருந்து வருகிறவர்கள் ஏதோ கலவரம் போலிருக்கிறது என்று பயந்துபோவார்கள். கலவரமெல்லாம் இல்லை. ஜார்ஜ் டவுன்காரர்கள் எத்தனையோ தலைமுறையாக இந்த வளாகத்தைக் குறுக்கு வழியாகப் பயன்படுத்தி வந்திருக்கிறார்கள். ஒரு நாளாவது பூட்டி வைக்காவிட்டால், "நாங்கள் காலங்காலமாகப் போய்வந்த பாதை இது, எங்களுக்கு இதில் வழியுரிமை உண்டு" என்று நாளைக்கு யாராவது உரிமை கேட்கலாம். சட்டத்தின் வீடே சட்டத்துக்குப் பயந்து தன் கதவைப் பூட்டிக்கொள்கிறது.

எனக்கு இந்த வழக்கம் மிகவும் பிடிக்கும். இந்த நிலம் யாருடையது என்ற கேள்வி அந்தப் பூட்டுக்குப் பின்னால் இருக்கிறது. அங்கிருந்துதான் இந்தப் பேச்சைத் தொடங்க வேண்டும் என்று நினைத்தேன்.

இன்று ஐகோர்ட் நிற்கும் இடத்தில் ஒரு காலத்தில் கோயில் இருந்தது. சென்னகேசவப் பெருமாள் கோயில். சென்னப்பட்டணத்தின் முதல் பெரிய கோயில்களில் ஒன்று. அதைச் சுற்றித் தெருக்கள், கடைகள், நெசவாளர் வீடுகள், துபாஷிகளின் மாளிகைகள். கோட்டையின் வடக்கு மதிலை ஒட்டி இருந்த இந்த ஊரைத்தான் வெள்ளைக்காரன் 'கறுப்பர் நகரம்' என்று எழுதி வைத்தான். 1746-இல் பிரெஞ்சுக்காரர்கள் சென்னையைப் பிடித்தார்கள். 1749-இல் திருப்பிக் கொடுத்தார்கள். இடைப்பட்ட மூன்று ஆண்டுகளில் கோட்டைச் சுவருக்கு அருகில் இருந்த வீடுகளை இடித்துத் தள்ளினார்கள். திரும்பி வந்த ஆங்கிலேயர் அந்தப் பாடத்தை நன்றாகக் கற்றுக்கொண்டார்கள். எதிரி மறைந்து நின்று சுட ஒரு சுவர்கூட மிஞ்சக் கூடாது என்று மீதியையும் அவர்களே இடித்தார்கள். பெருமாள் கோயிலும் போயிற்று. பீரங்கி சுடுவதற்கான வெட்டவெளி ஆயிற்று அந்த ஊர்.

கோயிலுக்கு மாற்றிடம் கொடுத்தார்கள். மணலி முத்துக்கிருஷ்ண முதலியார் முன்னின்று கட்டினார். தேவராஜ முதலி தெருவில் பெருமாளும் மல்லிகேசுவரரும் அடுத்தடுத்த சந்நிதிகளாக இன்றும் இருக்கிறார்கள். 'பட்டணம் கோயில்' என்றுதான் பெரியவர்கள் சொல்வார்கள். இந்த அரங்கில் இருப்பவர்களில் பலர் அங்கே கும்பிட்டிருப்பீர்கள். அந்தக் கோயில் ஒரு காலத்தில் ஐகோர்ட்டின் தூண்கள் நிற்கும் மண்ணில் இருந்தது என்பது எத்தனை பேருக்குத் தெரியும்?

கோயில் மட்டுமல்ல, கல்லறைத் தோட்டமும் இங்கே பக்கத்தில் இருந்தது. பழைய சட்டக் கல்லூரிப் பக்கம். 1758, 59-இல் பிரெஞ்சுத் தளபதி லாலி கோட்டையை முற்றுகையிட்டபோது அவன் வீரர்கள் அந்தக் கல்லறைகளுக்குப் பின்னால் பதுங்கிச் சுட்டார்கள். முற்றுகை முடிந்ததும் ஆங்கிலேயர் தம் முன்னோரின் கல்லறைப் பலகைகளையே பெயர்த்தெடுத்துக் கோட்டைக்குள் புனித மேரி தேவாலயத்து முற்றத்தில் பாவினார்கள். கவர்னராக இருந்த எலிஹு யேல் தன் சிறு மகனுக்காக எழுப்பிய கூம்புச் சின்னத்தை விட்டுவைத்தார்கள். அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத்துக்குப் பெயர் கொடுத்தவர் அந்த யேல்தான்.

ஆக, இது இடித்து இடித்து வெறுமையாக்கப்பட்ட நிலம். சாமிக்கும் இடமில்லை, செத்தவனுக்கும் இடமில்லை. அதன்பின் ஏறத்தாழ 80 ஆண்டுகளுக்கு இங்கே பெரிதாக எதுவும் எழவில்லை. முதலில் எழுந்தது ஒரு கருங்கல் தூண். வளாகத்துக்குள் தனியாக, கிரேக்கக் கோயில் தூண் ஒன்று வழி தவறி வந்தது போல நிற்கிறதே, அதுதான். நகரின் இரண்டாவது கலங்கரை விளக்கம். 1844-ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாள் அதில் விளக்கேற்றினார்கள். அதற்கு முன், 1796 முதல், கோட்டைக்குள் இன்று அருங்காட்சியகமாக இருக்கும் கட்டடத்தின் மாடியில் தேங்காய் எண்ணெய் விளக்குகள் எரிந்தன.

இனி நீதிமன்றத்துக்கு வருவோம். 1801 முதல் இங்கே ராஜாங்கத்தின் சுப்ரீம் கோர்ட் இருந்தது. கம்பெனியின் சதர் அதாலத் வேறு தனியாக இருந்தது. 1857-க்குப் பிறகு கம்பெனி ஆட்சி போய் ராணி ஆட்சி வந்தது. இரண்டு கோர்ட்டுகளையும் சேர்த்து 1862 ஜூன் 26-ஆம் தேதியிட்ட சாசனத்தின் மூலம் உயர் நீதிமன்றம் பிறந்தது. அதே ஆண்டு ஆகஸ்ட் 15 அன்று பணியைத் தொடங்கியது. அந்தத் தேதிக்கு இன்னும் 85 ஆண்டுகளுக்குப் பிறகுதான் வேறொரு பொருள் வரப்போகிறது. முதல் 30 ஆண்டுகள் கடற்கரைச் சாலையில், இன்று கலெக்டர் அலுவலகமான சிங்காரவேலர் மாளிகை இருக்கும் இடத்தில் நின்ற பென்டிங்க் கட்டடத்தில்தான் கோர்ட் நடந்தது. வழக்கு பெருகியது, இடம் போதவில்லை. புதுக் கட்டடம் வேண்டும் என்று முடிவானபோது, பீரங்கிக்காக வெறுமையாக்கி வைத்த அந்த மைதானம் கையிலேயே இருந்தது.

முதல் வரைபடம் அரசின் ஆலோசகக் கட்டடக்கலைஞர் பிராசிங்டன் போட்டது. அதைத் திருத்தி, விரித்து, இன்று நாம் பார்க்கும் உருவத்துக்குக் கொண்டுவந்தவர் ஹென்றி இர்வின். உடனிருந்து உழைத்தவர் ஸ்டீபன்ஸ். இர்வின் சாதாரண ஆளல்ல. சிம்லாவில் வைசிராய் மாளிகையைக் கட்டி முடித்துவிட்டு வந்தவர். இதற்குப் பிறகு கன்னிமாரா நூலகம், சட்டக் கல்லூரி, எழும்பூர் ரயில் நிலையம், மைசூர் அரண்மனை என்று தென்னாட்டின் முகத்தையே மாற்றியவர். 1888 அக்டோபரில் வேலை தொடங்கியது. 1892 ஜூலை 12 அன்று கவர்னர் வென்லாக் பிரபு திறந்துவைத்துத் தலைமை நீதிபதி சர் ஆர்தர் காலின்ஸ் கையில் சாவியைக் கொடுத்தார். ஏறத்தாழ 9.45 லட்சம் ரூபாய் ஆகும் என்று மதிப்பிட்டது, முடிந்தபோது 13 லட்சத்தைத் தொட்டது. எஸ்டிமேட் என்பது அன்றைக்கும் அப்படித்தான்.

இர்வின் பெயரைச் சொல்கிற புத்தகங்கள் நம்பெருமாள் செட்டியார் பெயரை ஒரு வரியில் கடந்துவிடுகின்றன. எனக்கு அதில் மனவருத்தம் உண்டு. இர்வின் காகிதத்தில் போட்ட கோட்டையெல்லாம் சுவராக்கிய ஒப்பந்தக்காரர் அவர். சேத்துப்பட்டில் பெரும் நிலக்காரர். கணித மேதை ராமானுஜன் கடைசி நாட்களில் நோயோடு தங்கியிருந்தது செட்டியாரின் வீடுகளில்தான். அவர் உயிர் பிரிந்ததும் அங்கேதான், 1920-இல். எண்ணைத் தெரிந்தவனுக்கு வீடு கொடுத்த மனிதர், செங்கலை எண்ணி எண்ணி ஐகோர்ட்டையும் எழுப்பினார்.

இந்தக் கட்டடத்தின் பாணிக்கு 'இந்தோ-சாரசனிக்' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். எனக்கு அந்தப் பெயர் பிடிப்பதில்லை. சாரசன் என்பது ஐரோப்பியர் பழங்காலத்தில் அரபியரைக் குறித்த சொல். நம் ஊரில் எந்தக் கொத்தனாரும் அந்த வார்த்தையைக் கேள்விப்பட்டிருக்க மாட்டார். 1857-க்குப் பிறகு ஆங்கிலேயருக்கு ஒரு ஆசை வந்தது: முகலாயருக்குப் பின் இந்த நாட்டின் நியாயமான வாரிசு தாங்களே என்று கல்லிலும் செங்கலிலும் காட்ட வேண்டும். அதனால்தான் கும்மட்டம், வளைவு, ஸ்தூபி எல்லாம். டில்லியில் அதற்கு ஒரு பொருத்தம் உண்டு. சென்னையில் எங்கே முகலாயன்? இங்கே அதற்குப் பக்கத்தில் வருவது ஆர்க்காட்டு நவாபின் சேப்பாக்கம் அரண்மனை ஒன்றுதான். அதைப் பார்த்துக் கட்டடக்கலைஞர் ராபர்ட் சிசோம் போட்ட பாதையில்தான் இர்வினும் நடந்தார். அரசியல் நோக்கத்தை நான் மன்னிக்கவில்லை. ஆனால் ஆட்சியின் நோக்கம் ஒன்று, கைவேலை வேறொன்று. நோக்கம் 1947-இல் கப்பலேறிப் போய்விட்டது. கைவேலை நம்மிடம் இருக்கிறது.

அந்தக் கைவேலையைக் கொஞ்சம் அருகில் போய்ப் பார்ப்போம்.

இந்தக் கட்டடத்துக்கு வெளியிலிருந்து வந்தவை முக்கியமாக இரண்டு: இரும்பு உத்திரங்களும் சில அலங்கார ஓடுகளும். மற்றதெல்லாம் பெரும்பாலும் இந்த வட்டாரத்துப் பொருள். செங்கலும் சுடுமண் அலங்காரங்களும் அரசாங்கத்தின் சொந்தச் சூளைகளிலிருந்து வந்தன. ஐகோர்ட்டின் வளைவுகளைப் பார்த்தால் கல்லில் செதுக்கியது போலத் தோன்றும். செதுக்கியது அல்ல. ஒவ்வொரு வளைவுக்கும், ஒவ்வொரு பூ வேலைக்கும் தனித்தனி மர அச்சு செய்து, பிசைந்த களிமண்ணை அதில் அழுத்தி, நிழலில் காயவைத்துச் சூளையில் சுட்டார்கள். களிமண் காயும்போது சுருங்கும், வேகும்போது இன்னும் கொஞ்சம் சுருங்கும். அந்தச் சுருக்கத்தையெல்லாம் முன்கூட்டியே கணக்கிட்டு அச்சைப் பெரிதாகச் செய்தால்தான் சுட்டெடுத்த துண்டு பக்கத்துத் துண்டோடு ஒட்டி உட்காரும். கணக்கு ஒரு நூல் தவறினால் வளைவின் உச்சியில் இடைவெளி தெரியும். 130 ஆண்டு கழித்து நான் ஏணி போட்டு ஏறிப் பார்த்த கட்டடங்களில் அந்த இடைவெளியைத் தேடியிருக்கிறேன். அந்தக் கைகளுக்குச் சொந்தக்காரர்கள் யார், எந்தத் தெருவில் இருந்தார்கள், எந்தப் பதிவேட்டிலும் பெயரில்லை.

அடுத்து சுண்ணாம்பு. அன்றைக்கு இங்கே கட்டடங்களுக்குப் பெரும்பாலும் சுண்ணாம்புக் காரைதான். எண்ணூர், பழவேற்காட்டுக் கழிமுகங்களில் அள்ளிய கிளிஞ்சலைச் சுட்டு எடுத்த சுண்ணாம்பு நம் ஊருக்குப் புகழ் தந்த சரக்கு. அதை நீற்றி, தொட்டியில் ஊறப்போட்டு, மணலோ செங்கல் தூளோ கலந்து, மாடு சுற்றும் செக்கில் அரைப்பார்கள். கடுக்காய் ஊறிய தண்ணீர், வெல்லத் தண்ணீர் சேர்ப்பதும் உண்டு. அரைத்த காரையை உடனே பூச மாட்டார்கள், புளிக்கவிடுவார்கள். நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு வயதான கொத்தனார் கொஞ்சம் காரையை எடுத்து விரலால் நசுக்கி என் உள்ளங்கையில் வைத்தார். "வெண்ணெய் மாதிரி இருக்குதா ஐயா? இன்னும் நறநறன்னு இருந்தா மறுபடி செக்குல போடச் சொல்லுங்க" என்றார். அந்த வழவழப்பு இன்றும் என் கையில் இருக்கிறது.

மேல்தளம் நம் ஊர் பேர் சொல்லும் வேலை, மெட்ராஸ் டெரஸ். தேக்குச் சட்டங்களின் மேல் மெல்லிய சின்னச் செங்கல்லைக் குத்துவாட்டில், மூலைச் சாய்வாக அடுக்கி, காரை போட்டு இறுக்கி, அதன்மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கலந்து போட்டு, பெண்கள் வரிசையாக உட்கார்ந்து மரக்கட்டையால் நாட்கணக்கில் தட்டுவார்கள். தண்ணீர் இறங்காத தளம் அப்படித்தான் உருவாகும்.

சுவர்கள் தடிமனாக இருப்பதும், கோர்ட் ஹால்களைச் சுற்றி நீண்ட தாழ்வாரங்கள் ஓடுவதும் அழகுக்காக மட்டுமல்ல. மின்விசிறி இல்லாத காலத்தில் மே மாதத்து வெயில் நேராகச் சுவரில் அடிக்காமல் தாழ்வாரம் தாங்கிக்கொண்டது. கடற்காற்று உள்ளே சுற்றி வந்தது. வண்ணக் கண்ணாடிகள் வழியாக வெளிச்சம் மட்டும் தணிந்து இறங்கியது. அந்தத் தாழ்வாரங்களில் முதன்முறை போகிறவர் வழி தவறாமல் வந்ததே கிடையாது. ஆனால் எந்த ஹாலுக்குள் போனாலும் வெளியின் சூடு வாசலிலேயே நின்றுவிடும்.

நடுக் கோபுரத்தின் உயரம் ஏறத்தாழ 175 அடி. அதன் உச்சியில் 1894 ஜூன் முதல் தேதி மூன்றாவது கலங்கரை விளக்கம் எரியத் தொடங்கியது. பக்கத்திலேயே நின்ற கருங்கல் தூண் அன்றோடு ஓய்வு பெற்றது. முதலில் மண்ணெண்ணெய், பிறகு மின்சாரம். 1977-இல் மெரினாவில் இப்போதைய விளக்கம் வரும்வரை, கப்பல்காரர்கள் சென்னையைக் கண்டுகொண்டது ஐகோர்ட்டின் தலையைப் பார்த்துத்தான். உலகத்தில் தலையில் கலங்கரை விளக்கத்தைச் சுமந்த நீதிமன்றங்கள் அரிது.

1914 செப்டம்பர் 22 இரவு கடலில் வந்தது ஜெர்மன் கப்பல் எம்டன். துறைமுகத்துப் பக்கம் எண்ணெய்த் தொட்டிகள் பற்றி எரிந்தன. குண்டு ஒன்று ஐகோர்ட் வளாகச் சுவரையும் தொட்டது. அந்த இடத்தில் ஒரு பலகை பதித்திருக்கிறார்கள். ஊர் மக்கள் கூட்டம் கூட்டமாக வெளியூருக்குக் கிளம்பினார்கள். கப்பல் அழிந்து நூறாண்டு கடந்தும், கெட்டிக்காரத்தனமாகக் காரியம் சாதிப்பவனை "அவன் பெரிய எம்டனாச்சே" என்கிறோம்.

உள்ளே நடந்த வழக்குகளைச் சொல்லப் புகுந்தால் விடிந்துவிடும். வ.உ.சி.க்குக் கீழ்க்கோர்ட் விதித்த கொடுமையான ஆயுள் தண்டனை இங்கே மேல்முறையீட்டில் குறைக்கப்பட்டது. திருநெல்வேலி கலெக்டர் ஆஷ் கொலை வழக்கை மூன்று நீதிபதிகள் இங்கே உட்கார்ந்து விசாரித்தார்கள். தியாகராஜ பாகவதரும் என்.எஸ். கிருஷ்ணனும் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் இந்த வளாகத்தில்தான் கைதிகளாக நின்றார்கள். அவர்களைப் பார்க்கச் சுவரேறி நின்ற கூட்டத்தைப் பற்றி என் தாத்தா சொல்லக் கேட்டிருக்கிறேன்.

தாழ்வாரத்தில் திருவாரூர் முத்துசாமி ஐயரின் வெண்சலவைக் கல் சிலை இருக்கிறது. தலைப்பாகையும் கோட்டுமாக உட்கார்ந்திருப்பார். காலைப் பாருங்கள், செருப்பு இருக்காது. மாதம் ஒரு ரூபாய் சம்பளத்தில் கிராமக் கணக்கருக்கு எடுபிடியாக வாழ்க்கையைத் தொடங்கி, தெருவிளக்கில் படித்து, இந்த நீதிமன்றத்தின் முதல் இந்திய நீதிபதியாகி, 1893-இல் தற்காலிகத் தலைமை நீதிபதியாகவும் அமர்ந்தவர். ராணியின் ஆட்சியைப் பறைசாற்ற எழுப்பிய மாளிகையில், திறந்து வெகு காலம் ஆவதற்குள் இந்தக் காவிரிக்கரைக்காரர் தலைமை நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்.

நான் இங்கு வந்து நிற்பதற்கான காரணத்தை இப்போது சொல்கிறேன்.

பல ஆண்டுகளுக்கு முன் வேறொரு மாவட்டத் தலைநகரில், இதே காலத்துச் செங்கல் கட்டடம் ஒன்றைப் பழுது பார்த்த பின் போய்ப் பார்க்கச் சொன்னார்கள். சுண்ணாம்பு உதிர்ந்த இடமெல்லாம் சிமெண்ட் பூசியிருந்தார்கள். பார்க்கக் கெட்டியாக, சுத்தமாக இருந்தது. மூன்று மழைக்காலம் கழித்து மறுபடி போனேன். சிமெண்ட் அப்படியே இருந்தது. செங்கல் போய்விட்டிருந்தது. விரல் வைத்தால் செம்மண் பொடியாகக் கொட்டியது.

ஏன்? சுண்ணாம்பு மூச்சு விடும் பொருள். தரையிலிருந்து ஏறும் ஈரமும் மழையில் ஊறிய ஈரமும் சாந்துக் கோடு வழியாக வெளியேறும். கடற்காற்றில் வரும் உப்பும் அதோடு வந்து சாந்தில் படியும். சாந்து உதிர்ந்தால் சுரண்டிவிட்டுப் புதிதாகப் பூசிக்கொள்ளலாம். சாந்து சாகிறது, செங்கல் பிழைக்கிறது. சிமெண்ட் அந்த வழியை அடைத்துவிடுகிறது. ஈரம் செங்கல் வழியாகத்தான் போயாக வேண்டும். உப்பு செங்கலுக்குள்ளேயே படிகமாகி, அதன் முகத்தைப் பிளந்து தள்ளுகிறது. கடலுக்கு இத்தனை பக்கத்தில் இருக்கும் நம் கட்டடங்களுக்கு இதைவிடப் பெரிய எதிரி கிடையாது. வண்ணம் பூசி "புதுப்பிப்பதும்" இதே கேடுதான்.

சுண்ணாம்பு வேலை தெரிந்த கொத்தனார்கள் இன்னும் இருக்கிறார்கள். குறைந்துகொண்டே வருகிறார்கள். அவர்களுக்கு வேலை கொடுத்தால் பிள்ளைகள் கற்றுக்கொள்வார்கள். கொடுக்காவிட்டால், இர்வினின் வரைபடம் நம் கையில் பத்திரமாக இருந்தும் அதைச் சுவரில் காப்பாற்ற ஒரு கை இருக்காது. இந்த நிலத்தில் கோயிலை இடித்தார்கள், தெருவை இடித்தார்கள், கல்லறையைப் பெயர்த்தார்கள். எதிரிக்குப் பயந்து செய்தார்கள். நாம் எதிரியே இல்லாமல், பழுது பார்க்கிறோம் என்ற நல்ல எண்ணத்தாலேயே அதைச் செய்துவிடக் கூடாது.

உங்களிடம் ஒன்றே ஒன்று கேட்கிறேன். இப்போது ஐகோர்ட்டில் நுழைவாயிலில் சோதனை உண்டு, வேலை இல்லாமல் உள்ளே போக முடியாது. ஆனால் இந்த ஊரில் சிவப்புச் செங்கல் கட்டடத்துக்குப் பஞ்சமில்லை. உங்கள் பள்ளிக்கூடம், தபால் நிலையம், ரயில் நிலையம், தாலுகா கச்சேரி எதுவாகவும் இருக்கலாம். அடுத்த முறை போகும்போது இரண்டு செங்கலுக்கு நடுவில் ஓடும் கோட்டைப் பாருங்கள். வெளுப்பாக, நகத்தால் கீறினால் மாவு போல் வந்தால் அது சுண்ணாம்பு, நிம்மதியாக வீட்டுக்குப் போகலாம். கரும்சாம்பல் நிறத்தில், நகம் ஏறாத கெட்டியாக இருந்தால் சிமெண்ட். எந்தக் கட்டடம், எந்தப் பக்கச் சுவர் என்று குறித்து, அதைப் பராமரிக்கும் அலுவலகத்துக்கு ஒரு கடிதம் எழுதுங்கள். எழுதத் தெரியாதவர்கள் என்னிடம் வாருங்கள், நான் எழுதித் தருகிறேன்.